தனிமுரா எழுதிய ஒரு வரி: திருத்தணிக்கு மூன்று பயணங்கள்

போன ஞாயிற்றுக்கிழமை மூன்றாவது முறையாகத் திருத்தணிக்குப் போய்விட்டு வந்தேன். சாமி கும்பிட அல்ல. ஒருவருக்கு ஒரு டிவிடியைப் போட்டுக் காட்டப் போனேன். திருத்தணிக்கு எப்படிப் போவது, எவ்வளவு ஆகும் என்று கேட்டு இந்தத் தளத்துக்கு அடிக்கடி எழுதுகிறீர்கள். அந்தத் தகவல்களையும் இதிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் வயிற்றெரிச்சலோடு எழுதுகிறேன், கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

புதிதாக வருபவர்களுக்கு: என் பிழைப்பு ஜப்பானிய மொழிபெயர்ப்பு. ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் உள்ள தொழிற்சாலைகளுக்கு வரும் ஜப்பானியர்களோடு நிற்பேன். அவர்கள் “கொஞ்சம் கடினம்” என்று புன்னகையோடு சொன்னால், “முடியாதாம்” என்று நம் ஆட்களுக்குத் தமிழில் சொல்வேன். பத்து வருடமாக இதுதான் வேலை.

2003 பிப்ரவரியில் ஒரு பயண ஏஜென்சியிலிருந்து கூப்பிட்டார்கள். ஜப்பானிலிருந்து ஒரு சினிமாக்காரர் வருகிறார், திருத்தணி போக வேண்டுமாம், கூடப் போக முடியுமா என்றார்கள். சினிமாக்காரர் என்றதும் நான் பெரிய கேமரா, கறுப்புக் கண்ணாடி, நாலு உதவியாளர்கள் என்று எதிர்பார்த்தேன். எழும்பூர் ஓட்டல் வாசலில் ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒல்லியான ஒரு மனிதர் தோள்பையோடு தனியாக நின்றிருந்தார். பெயர் தனிமுரா. “நான் வெறும் திரைக்கதை எழுதுபவன்” என்று மன்னிப்புக் கேட்பதுபோல் தலைகுனிந்து சொன்னார்.

ஜப்பானில் ஒரு வழக்கம் இருக்கிறது. படம் எடுக்க இடம் பார்ப்பதற்கும் முன்னால், கதையில் ஒரு வரி எழுதுவதற்கும் முன்னால், எழுத்தாளரை மட்டும் அந்த ஊருக்கு அனுப்புவார்கள். அவர் சும்மா சுற்றி, ஊர்க்காரர்களிடம் பேசிவிட்டு வந்து எழுதுவார். இதற்கு ‘சினாஹன்’ என்று பெயர். கேட்டதும் எனக்குப் பொறாமையாக இருந்தது. நம் ஊரில் வடபழனியில் அறை போட்டு, பிரியாணி வரவழைத்து, மதுரையைப் பற்றி எழுதிவிடுவார்கள்.

கார் வைக்கலாம் என்றேன். அவர் ரயில்தான் வேண்டும் என்றார். சென்ட்ரல் புறநகர் நிலையத்திலிருந்து காலை ரயிலைப் பிடித்தோம். எண்பத்தைந்து கிலோமீட்டர் சொச்சம், இரண்டேகால் மணி நேரம், டிக்கெட் இருவருக்கும் சேர்த்து முப்பது ரூபாய்க்குள். ஆவடி தாண்டியதும் உட்கார இடம் கிடைத்தது. திருவள்ளூரில் ஏறிய கொய்யாக்காரரிடம் மிளகாய்ப்பொடி போட்டு இரண்டு வாங்கினேன். தனிமுரா கண்ணில் நீர் வரச் சாப்பிட்டுக்கொண்டே தன் தொழிலைப் பற்றிச் சொன்னார்.

தொண்ணூறுகளில் அங்கே தியேட்டருக்கே வராத படங்கள் ஏராளமாக வந்தனவாம். வீடியோ கடையில் வாடகைக்கு விடுவதற்காகவே எடுக்கும் தாதா படங்கள். ஒரு வாரத்தில் ஒன்று எழுதிக் கொடுக்க வேண்டும். எழுதியதில் எத்தனையில் தன் பெயர் வந்தது என்று அவருக்கே நினைவில்லை. பிறகு பேய்ப் படங்களுக்குக் காலம் வந்தது. முகத்தை மூடும் நீண்ட கூந்தலோடு பெண் பேய்கள். “நாலைந்து வருடம் அந்தக் கூந்தல்தான் எனக்குச் சோறு போட்டது” என்றார். அதோடு தொலைக்காட்சிக்கு இரண்டு மணி நேரக் கொலைக் கதைகள். அவற்றின் முடிவில் கொலைகாரன் கடலோரப் பாறை மேல் நின்று எல்லாவற்றையும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஏன் பாறை என்று கேட்டேன். “அது என் கையில் இல்லை, பாறை முதலிலேயே முடிவாகிவிடும்” என்றார்.

“உங்கள் சொந்தக் கதை எது?” என்று கேட்டேன். அரக்கோணத்தில் வண்டி நின்றுகொண்டிருந்தது. அவர் ஜன்னலுக்கு வெளியே பார்த்தபடி, “இன்னும் இல்லை. இதுதான் முதல். இது போனால் அடுத்தது கிடைக்கிற வயது இல்லை” என்றார்.

கதை இதுதான். ஒரு ஜப்பானியத் தொழிலாளி இந்தியாவில் வேலை பார்க்கும்போது தொழிற்சாலை விபத்தில் இறந்துபோகிறார். அவர் மனைவி கோபத்தோடு இங்கே வருகிறாள். அந்தக் கோபத்தை எங்கே கொண்டுபோய் இறக்குவது என்று தெரியாமல் அலைகிறாள். முருகன் சூரனோடு போரிட்டுவிட்டுக் கோபம் தணிந்து உட்கார்ந்த மலை திருத்தணி என்பார்கள், உங்களுக்குத் தெரியும். அவருக்கும் தெரிந்திருந்தது. தமிழ்ப் படங்கள் தோக்கியோவில் ஓடிக்கொண்டிருந்த காலத்தில் ஒரு படம் பார்த்துவிட்டு, அந்த மோகத்தில் சுற்றுலா வந்தவர். அப்போது யாரோ இந்த மலைக்கு அழைத்து வந்திருக்கிறார்கள்.

ஸ்டேஷனுக்கு வெளியே ஜெபராஜ் என்பவரின் அம்பாசடரைப் பேசினோம். நாள் வாடகை எழுநூறு ரூபாய், டீசல் உட்பட. ஜெபராஜ் திருத்தணிக்காரர். அவர் குடும்பம் நாலு தலைமுறையாக வேதக்காரர்கள், அதாவது கிறிஸ்தவர்கள். முருகன் கோயிலுக்கு ஆள் ஏற்றியே பெண்ணைக் கட்டிக்கொடுத்தவர். முதல் வளைவிலேயே என்னிடம் கேட்டார்.

“மேடம், அவரு இன்னா எழுதிகினே வர்றாரு? வரி போடற ஆபீசரா?”

“இல்லைங்க, சினிமாவுக்குக் கதை எழுதறவர்.”

“ஆங், அப்ப ஒண்ணும் பயமில்ல” என்று சொல்லிவிட்டு நிம்மதியாக ஓட்டினார்.

மலை மேல் தனிமுரா கோபுரத்தை இரண்டு நிமிடம்கூடப் பார்க்கவில்லை. மொட்டை போட்டுக்கொண்ட பெண்களையே பார்த்துக்கொண்டிருந்தார். தலையில் சந்தனம் பூசி, பெண்கள் வளையல் பேரம் பேசிக்கொண்டிருந்தார்கள். ஒரு பெண் பிள்ளையைத் திட்டிக்கொண்டே பஜ்ஜி வாங்கினாள். “எங்கள் ஊரில் ஒரு பெண் தலையை மழித்தால் துறவி ஆகிவிட்டாள் என்று பொருள். உலகத்தை விட்டாயிற்று” என்றார் தனிமுரா. “இவர்கள் தலையை மழித்துவிட்டு பஸ்ஸில் வீட்டுக்குப் போகிறார்கள். வீட்டில் என்ன செய்வார்கள்? அதைத்தான் எழுத வேண்டும்.” எனக்கு அதுவரை இதில் யோசிக்க ஏதாவது இருப்பதாகவே தோன்றியதில்லை. நானே இரண்டு தடவை மொட்டை போட்டிருக்கிறேன்.

இறங்கியதும் ஜெபராஜ் சோளிங்கர் சாலையில் கே.ஜி.கண்டிகைக்கு அழைத்துப் போனார். பத்து கிலோமீட்டருக்குள் இருக்கும். அங்கே சாலையோரம் ஒரு டீக்கடை. அதை நடத்தும் சரோஜா அக்கா ஜெபராஜுக்குத் தெரிந்தவர். நாற்பது வயதைத் தாண்டியவர், தலையில் ஒரு விரற்கடை அளவுக்கு முடி வளர்ந்திருந்தது. தனிமுரா அந்தத் தலையைக் கண்ணால் காட்டினார். மொட்டை போட்டீர்களா அக்கா என்று நான் விசாரித்தேன்.

“ஆங், போட்டேன். மூணாவது வாட்டி. இன்னாத்துக்குக் கேக்கறாரு?”

விஷயத்தைச் சொன்னேன். டீயை ஆற்றி எங்கள் முன்னால் வைத்துவிட்டு, எதிரே பெஞ்சில் உட்கார்ந்தார். அவர் கணவர் கல்குவாரியில் வேலை செய்தவர். வைத்த வெடி நேரம் தப்பி வெடித்ததில் செத்துப்போனார். குவாரிக்காரர்கள் அவர் குடித்துவிட்டு வந்ததால்தான் இப்படி ஆனது என்று சொல்லிவிட்டார்கள். ஊரும் கொஞ்ச நாளில் அதையே சொல்ல ஆரம்பித்துவிட்டது.

“எங்க வூட்டுக்காரரு குடிக்கிறவருதான், இல்லன்னு சொல்லல. ஆனா அன்னிக்கு குடிக்கல. கிருத்திகைம்மா அன்னிக்கு. விரதம். காலீல நான்தான் பால் காச்சிக் குடுத்தேன். எனுக்குத் தெரியாதா?”

கோபம் போகத்தான் மொட்டையா என்று தனிமுரா கேட்கச் சொன்னார்.

“மொத வாட்டி அப்படித்தான் வேண்டிகினேன். முடி வளந்துச்சி, கோவமும் வளந்துச்சி. அப்பறம் போவும்னு நெனைக்கிறதில்ல. வளர வளர எடுத்துகினே கீறேன், அவ்ளோதான்.”

நான் இதை ஜப்பானிய மொழியில் சொல்லி முடித்ததும் தனிமுரா எழுந்து நின்றார். இடுப்பு வளைய அவருக்கு வணக்கம் செய்தார். சரோஜா அக்காவுக்குச் சங்கடமாகிவிட்டது, உட்காருங்க உட்காருங்க என்றார். இதை என் படத்தில் வைத்துக்கொள்ளலாமா என்று தனிமுரா அனுமதி கேட்டார்.

“வெச்சிகினு போட்டும். எம் பேரு போட வேணாம். அவரு குடிச்சிருக்கலன்னு மட்டும் போடச் சொல்லும்மா. எந்தூரு படமா இருந்தா இன்னா, ஒரு எடத்துல அது இருக்கணும்.”

போடுகிறேன் என்று தனிமுரா வாக்குக் கொடுத்தார். திரும்பும் ரயிலில் அவர் படத்தின் முடிவை எனக்குச் சொன்னார். நாயகி மொட்டை போட்டுக்கொண்டு இப்படி ஒரு டீக்கடையில் வந்து உட்காருகிறாள். மொழி தெரியாத கடைக்காரப் பெண்ணிடம் ஜப்பானிய மொழியில், “என் கணவர் அன்றைக்குக் குடித்திருக்கவில்லை” என்கிறாள். அவ்வளவுதான் படம். அந்த வரியை இன்னொரு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டேன். பொதுவாகச் சினிமாக்காரர்கள் கதை சொன்னால் எனக்குத் தூக்கம்தான் வரும்.

இரண்டு வருடம் கழித்து, 2005இல், தனிமுராவே தொலைபேசியில் கூப்பிட்டார். படம் வந்துவிட்டது என்றார். குரலில் சந்தோஷம் இல்லை.

ஜப்பானில் இப்போதெல்லாம் ஒரு படத்தை ஒரு தயாரிப்பாளர் எடுப்பதில்லையாம். தொலைக்காட்சி, விளம்பர ஏஜென்சி, பதிப்பகம், பாட்டுக் கம்பெனி என்று ஏழெட்டுப் பேர் கூட்டாகப் பணம் போடுவார்கள். திரைக்கதையைத் திருத்தி ஒவ்வொரு பிரதி எழுதி முடித்ததும் ஒரு நீள மேஜையைச் சுற்றி உட்கார்ந்து ஆளுக்கொரு யோசனை சொல்வார்கள். யாரும் வேண்டாம் என்று சொல்வதே இல்லை. எல்லாம் மரியாதையான யோசனைகள். நாயகியாகப் பேசிவைத்திருந்த நடிகை ஒரு ஷாம்பு விளம்பரத்தில் இருந்தார். ஒப்பந்தப்படி தோளுக்கு மேல் முடியை வெட்டக்கூடாது. அந்த ஷாம்பு விளம்பரத்தை எடுத்த ஏஜென்சியும் அதே மேஜையில் உட்கார்ந்திருந்தது.

மொட்டைபோல ஒரு உறை மாட்டலாமா என்று முதலில் யோசனை வந்தது. அடுத்த பிரதியில், முடியின் நுனியை மட்டும் வெட்டினால் போதாதா என்றார்கள். அதற்கடுத்த பிரதியில், மழிக்காமல் முருகனுக்கு ஒரு ரிப்பன் காணிக்கை. மொட்டை இல்லாவிட்டால் திருத்தணி எதற்கு, அவ்வளவு தூரம் ஆட்களைக் கூட்டிப்போகிற செலவு எதற்கு என்று அதே மேஜை பிறகு கேட்டது. கடைசியில் ஜப்பானின் தெற்கே ஒரு தீவு. கணவனுக்கு விபத்து இல்லை, நோய். நாயகி கடற்கரையில் கூந்தல் பறக்க நின்று புன்னகைக்கிறாள். பின்னால் ஒரு பாறை இருந்ததா என்று கேட்க நினைத்தேன், கேட்கவில்லை.

இன்னும் இரண்டு பேரை வைத்துத் திருத்தி எழுதினார்களாம். திரைக்கதை என்று மூன்று பெயர் வந்ததில் இவர் பெயர் மூன்றாவது. “அந்த வசனம்?” என்றேன். “என் ஒன்பது பிரதிகளிலும் இருந்தது” என்றார். எனக்கு வந்த ஆத்திரத்தில் அன்று முழுக்க ஒரு கம்பெனிக் கூட்டத்தில் “கொஞ்சம் கடினம்” என்று ஜப்பானியர்கள் சொன்னதையெல்லாம் “முடியவே முடியாது” என்று மொழிபெயர்த்தேன்.

இரண்டாவது பயணம் 2007 ஜூனில். இந்த முறையும் தனிமுராதான் கூப்பிட்டார், ஆனால் படத்துக்கு அல்ல. அந்தப் படம் ஓடவில்லை. ஓடாத படத்தில் மூன்றாவது பெயராக இருந்தவரை யாரும் கூப்பிடவில்லை. இப்போது அவர் தொலைக்காட்சி வேடிக்கை நிகழ்ச்சி ஒன்றுக்கு எழுதிக்கொண்டிருந்தார். ஸ்டுடியோவில் விளையாட்டில் தோற்ற ஒரு நகைச்சுவை நடிகருக்குத் தண்டனை கொடுக்க வேண்டும். தண்டனை என்ன தெரியுமா? இந்தியாவுக்குப் போய் மொட்டை போட்டுக்கொள்வது. அந்த யோசனை தன்னுடையதுதான் என்று அவரே சொன்னார். நான் தேதியை மட்டும் கேட்டுக் குறித்துக்கொண்டேன்.

ஆறு பேர், இரண்டு வேன். சென்னையிலிருந்து திருவள்ளூர் வழியாக இரண்டரை மணி நேரம். சாலை முன்பைவிடப் பரவாயில்லை. ஆனால் பைபாஸ் என்று நம்பி உள்ளே போய்விடாதீர்கள், நாங்கள் போய்த் திரும்பினோம். வேன் ஒன்றுக்கு இரண்டாயிரத்து ஐந்நூறு. வழிகாட்ட ஜெபராஜ் திருத்தணியில் ஏறிக்கொண்டார். கோயிலில் கேமராவுக்கு அனுமதி இல்லை என்று தடுத்துவிட்டார்கள். சரியாகத்தான் செய்தார்கள். நிகழ்ச்சி இயக்குநர் என்ன செய்வது என்று கையைப் பிசைந்தபோது, தனிமுரா சொன்னார்: “எனக்குத் தெரிந்த ஒரு கடை இருக்கிறது.”

நான் மட்டும் அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை.

டவுனிலிருந்து ஒரு நாவிதரை அழைத்துக்கொண்டு கண்டிகைக்குப் போய் இறங்கினோம். சரோஜா அக்காவுக்குத் தனிமுராவை உடனே அடையாளம் தெரிந்துவிட்டது. முந்தானையால் பெஞ்சைத் துடைத்து, எல்லோரையும் உட்காரச் சொன்னார். இந்த முறை அவர் தலை நன்றாக மழிக்கப்பட்டிருந்தது. மொட்டை போட்டுப் பத்து நாள் இருக்கும். முதல் கேள்வியே அதுதான்.

“போட்டாங்களாம்மா? அவரு குடிக்கலன்னு?”

நான் தனிமுராவிடம் கேட்டேன். எழுதினேன், எடுக்கவில்லை என்று சொல்லச் சொன்னார். சொன்னேன். சரோஜா அக்கா கோபப்படவில்லை. கேமராவைக் காட்டினார்.

“சரி, இப்ப எடுக்கறாங்களே. இதுல போடச் சொல்லு.”

அதற்குள் வேடிக்கை தொடங்கிவிட்டது. கடை வாசலில் ஸ்டூல் போட்டு நடிகரை உட்காரவைத்தார்கள். அவர் அழுவதுபோல் நடித்தார், ஓடுவதுபோல் எழுந்தார், இரண்டு பேர் பிடித்து உட்காரவைத்தார்கள். சாலையில் போன பஸ் நின்று பார்த்தது. பள்ளிப்பட்டுக்குப் போகிறவர்கள் ஜன்னலில் தொங்கிச் சிரித்தார்கள். நாவிதர் மட்டும் சிரிக்காமல், தண்ணீர் தெளித்து, முறையாக மழித்தார். “வேண்டுதலுக்கு எடுக்கறப்போ ஆடக்கூடாதுன்னு சொல்லுங்க மேடம், கத்தி பட்டுடும்” என்றார். வேண்டுதல் இல்லை, தண்டனை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

முடிந்ததும் நடிகர் மொட்டைத் தலையோடு சரோஜா அக்கா முன்னால் போய் நின்று, நான் எப்படி இருக்கிறேன் என்று கேட்டார். நான் மொழிபெயர்த்தேன். கேமரா அக்காவின் முகத்துக்குத் திரும்பியது. இரண்டு மழித்த தலைகள் எதிரெதிரே. சரோஜா அக்கா நடிகரைப் பார்க்கவில்லை. நேராகக் கேமராவைப் பார்த்துச் சொன்னார்:

“எங்க வூட்டுக்காரரு அன்னிக்கு குடிச்சிருக்கல. ஒரு சொட்டு குடிச்சிருக்கல.”

நடிகர் புரியாமல் சிரித்து, கும்பிட்டார். என்ன சொன்னார் என்று இயக்குநர் கேட்டார். ஒரு சொல் கூட்டாமல் குறைக்காமல் சொன்னேன். அவர் சங்கடமாகத் தனிமுராவைத் திரும்பிப் பார்த்தார். “அதை வைத்துக்கொள்வோம்” என்றார் தனிமுரா. அந்த நிமிடம் நான் அவரை எல்லாவற்றுக்காகவும் மன்னித்துவிட்டேன்.

திரும்பும் வேனில் நகைச்சுவை நடிகர் தொப்பி போட்டுக்கொண்டு தூங்கிவிட்டார். தனிமுரா என் பக்கத்து இருக்கைக்கு வந்தார். “இருபது வருடத்தில் நான் எழுதியதை எழுதியபடியே எடுத்தது இன்றைக்குத்தான்” என்றார். வருத்தமாகச் சொன்னாரா பெருமையாகச் சொன்னாரா என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை.

டிசம்பரில் கூரியரில் டிவிடி வந்தது. ஜப்பானிய வேடிக்கை நிகழ்ச்சிகளைப் பார்க்காதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். அங்கே யார் என்ன பேசினாலும் திரையின் கீழே கொட்டை எழுத்தில், கலர் கலராக எழுதிக் காட்டுவார்கள். வெளிநாட்டுக்காரர்கள் பேசினால், பார்க்கிறவர்களுக்கு அந்த எழுத்துதான் பேச்சு. சரோஜா அக்கா வந்தார். மழித்த தலை, நேரான பார்வை, அவர் குரல் தெளிவாகக் கேட்டது. கீழே மஞ்சளும் சிவப்புமாக எழுத்து ஓடியது: “மொட்டை உனக்குத்தான் பொருத்தம்! எங்கள் வீட்டுக்கே மாப்பிள்ளையாக வந்துவிடு!” ஸ்டுடியோவில் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். முடிவில் பெயர்கள் ஓடின. எழுத்து என்ற இடத்தில் முதல் பெயர், ஒரே பெயர், தனிமுரா.

உடனே தோக்கியோவுக்குக் கூப்பிட்டேன். ஐஎஸ்டி கட்டணத்தை நினைத்துப் பார்க்கிற நிலையில் நான் இல்லை. அவர் நிதானமாகத்தான் பேசினார். சரோஜா அக்கா பேசும் இடம் ஏழு விநாடி. அந்த இடத்துக்கு நான்கு வரிகள் எழுதிக் கொடுத்தாராம். நான்காவதாக, சரோஜா அக்கா சொன்னதை அப்படியே எழுதியிருந்தாராம். தொலைக்காட்சிக்காரர்கள் முதல் வரியை எடுத்துக்கொண்டார்கள்.

“முதல் வரியை எழுதியது யார்?” என்று கேட்டேன்.

அவர், “எழுதிக் கொடுக்காவிட்டால் அடுத்த வாரம் வேறு ஆள்” என்றார். நான் போனை வைத்துவிட்டேன். தாதா படம், பேய்ப் படம், பாறைக் கொலை, ஷாம்பு என்று இத்தனை வருடமும் அவரைக் கொன்றவர்களை நான் திட்டிக்கொண்டிருந்தேன். மேஜையைச் சுற்றி உட்கார்ந்தவர்களின் வரியை இப்போது அவரே முந்திக்கொண்டு எழுதிக்கொடுக்கிறார். இருபது வருடம் அந்தத் தொழிலில் இருந்தால் நானும் அப்படித்தான் ஆகியிருப்பேனோ என்னவோ. அதற்காக மன்னிக்க முடியவில்லை.

அதற்குள் சரோஜா அக்கா ஜெபராஜின் செல்போனிலிருந்து இரண்டு தடவை கூப்பிட்டுவிட்டார். கேட்டது ஒரே கேள்விதான், வந்துடுச்சாம்மா என்று. போனில் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. போன ஞாயிறு டிவிடியைப் பையில் போட்டுக்கொண்டு காலை ரயில் ஏறினேன்.

கடைக்குப் பின்னால் அவர் வீட்டில் அரசு கொடுத்த கலர் டிவி இருந்தது. ஜெபராஜ் தன் வீட்டு டிவிடி பிளேயரைத் துண்டில் சுற்றிக் கொண்டுவந்து மாட்டினார். நாங்கள் மூன்று பேரும் தரையில் உட்கார்ந்து பார்த்தோம். சரோஜா அக்கா திரையில் வந்ததும் ஜெபராஜ் கையைத் தட்டினார்.

“யக்கா, சொல்லிட்ட பாரு! ஜப்பான் பூரா கேட்டுகினு கீது!”

சரோஜா அக்கா என் பக்கம் திரும்பினார். அவர் முகத்தில் அப்படி ஒரு சிரிப்பை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. “போட்டுட்டாங்க” என்றார். பேசாமல் தலையாட்டிவிட்டு அடுத்த ரயிலைப் பிடித்திருக்கலாம். எத்தனையோ கூட்டங்களில் எத்தனையோ பூசி மெழுகியிருக்கிறேன். ஆனால் அவர் அடுத்து டிவியில் விரலை வைத்துக் கேட்டார்:

“கீழ எழுதிகீறாங்களே, அது நான் சொன்னதுதானே?”

இல்லை அக்கா என்றேன். என்ன எழுதியிருக்கிறது என்பதையும் சொன்னேன். ஜெபராஜ் எழுந்து வெளியே போய்விட்டார். சரோஜா அக்கா அழவில்லை, திட்டவும் இல்லை. டிவியை நிறுத்திவிட்டு, அதன் மேல் கிடந்த துணியை இழுத்துத் திரையை மூடினார்.

“அன்னிக்கு குவாரி ஆபீசுலயும் இப்படித்தாம்மா. உக்காரவெச்சி, நடந்தத சொல்லுன்னாங்க. குடிக்கல, விரதம்னு நான் சொல்லிகினே கீறேன், அவங்க எழுதிகினே கீறாங்க. கீழ கைநாட்டு வெச்சேன். அப்பறம் ஒருத்தரு படிச்சுக் காட்னப்பதான் தெரிஞ்சிது, குடிச்சிருந்தாருன்னு நானே சொன்ன மாரி எழுதிகீது.” டீ கிளாஸ்களைக் கையில் எடுத்துக்கொண்டார். “நான் சொல்றத எழுதறதுக்கு இன்னா கஷ்டம் இவங்களுக்கெல்லாம்?”

டிவிடியை எடுத்துக்கினு போயிடும்மா என்றார், எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

இனி நீங்கள் கேட்ட தகவல்கள். சென்ட்ரலிலிருந்து நேராகத் திருத்தணி போகும் ரயில் குறைவு. கிடைக்காவிட்டால் அரக்கோணத்தில் இறங்கி மாறிக்கொள்ளுங்கள், அங்கிருந்து பஸ்ஸும் உண்டு. திருப்பதி பஸ்களும் திருத்தணி வழியாகப் போகின்றன, ஆனால் உட்கார இடம் கிடைப்பது உங்கள் அதிர்ஷ்டம். ஸ்டேஷனிலிருந்து மலைக்கு ஆட்டோ அறுபது கேட்பார்கள், ஐம்பதுக்கு வருவார்கள். கோயில் பஸ்ஸில் போனால் சில்லறைதான். ஆடிக் கிருத்திகைக்குப் போக வேண்டாம், காவடிகளுக்கு நடுவில் நசுங்கிவிடுவீர்கள். மொட்டைக்கு உரிய சீட்டைக் கோயிலிலேயே வாங்குங்கள், கீழே கூப்பிடும் ஆட்களோடு போகாதீர்கள். வெயில் காலத்தில் தொப்பி கொண்டுபோங்கள். கோபம் தணியுமா என்று ஒருவர் கேட்டிருந்தார். எனக்குத் தணியவில்லை.

சோளிங்கர் சாலையில் போனால் கே.ஜி.கண்டிகையில் நிறுத்தி டீ குடியுங்கள், எந்தக் கடையிலும் நன்றாகவே இருக்கும். இந்தக் கட்டுரையில் வரும் பெயர்கள் எதுவும் உண்மைப் பெயர்கள் அல்ல, அதனால் சரோஜா யார் என்று யாரிடமும் விசாரிக்காதீர்கள். அவரிடம் கதை கேட்டவர்கள் போதும். அன்று கிளம்பும்போது, நான் இணையத்தில் எழுதுவேன் என்று அவரிடம் சொன்னேன். இன்னா எழுதுவ என்று கேட்டார். நீங்கள் சொல்வதை என்றேன். அவர் சொன்னது இது: அவர் வீட்டுக்காரர் அன்றைக்குக் குடித்திருக்கவில்லை.